நமக்குள் ஒருவன்

ஒரு விளையாட்டு ஏன் கோடிக்கணக்கானவர்களைப் பிடித்து ஆட்டுகிறது என்ற கேள்விக்கு இலக்கியப் பத்திரிகையில் இடமில்லை என்று நம்மில் சிலராவது நினைக்கக்கூடும். கும்பல் கூடுகிற இடத்திலிருந்து விலகி நிற்பதே ரசனை என்று ஒரு பழக்கம் நமக்கு உண்டு. ஆனால் கும்பல் எதற்காகக் கூடியது, எந்தப் பசி அங்கே தீர்ந்தது என்று கேட்பது கும்பலில் சேர்வது ஆகாது. அந்தப் பசி நமக்கும் இருக்கிறது என்று தெரியவந்தால், விலகி நிற்பதுதான் பாசாங்கு.

நான் சொல்ல வருவது 2020-இல் உலகெங்கும் பரவிய 'அமாங் அஸ்' என்ற வீடியோ விளையாட்டைப் பற்றி. இன்னர்ஸ்லாத் என்ற, மூன்றே பேர் கொண்ட ஒரு சிறு அமெரிக்க நிறுவனம் 2018 ஜூனில் இதை வெளியிட்டது. அப்போது சீந்துவாரில்லை. இரண்டு வருஷம் ஒரு மூலையில் கிடந்தது. பிறகு, விளையாடுவதையே நேரலையாகக் காட்டிப் பிழைக்கிறவர்கள் இதைக் கையிலெடுத்தார்கள். முதலில் தென்கொரியாவிலும் பிரேசிலிலும், 2020 ஜூலையில் அமெரிக்காவிலும். அந்த ஆகஸ்டில் இரண்டாம் பாகம் கொண்டுவருவதாக அறிவித்த நிறுவனம், பழைய விளையாட்டே இப்படித் தலைதெறிக்க ஓடுவதைப் பார்த்து அடுத்த மாதமே அந்த யோசனையைக் கைவிட்டது. நவம்பரில் மட்டும் ஏறத்தாழ 50 கோடிப் பேர் ஆடியதாக ஒரு கணிப்பு.

ஆட்டம் எளியது. ஒரு விண்கலம். அதில் நிறம் நிறமாக, கையில்லாத பொம்மைகள். அப்போது அதிகபட்சம் பத்துப் பேர். அவர்களில் ஒருவனோ இருவரோ மூவரோ வேஷதாரிகள். மற்றவர்கள் கம்பி இணைப்பது, அட்டை தேய்ப்பது, குப்பை கொட்டுவது என்று சில்லறை வேலைகளை முடிக்க வேண்டும். வேஷதாரி வேலை செய்வதுபோல பாவனை செய்துகொண்டு ஒவ்வொருவராகக் கொல்வான். பிணத்தை யாராவது பார்த்தால் கூட்டம் கூடும். யார் எங்கே இருந்தார்கள், யாரை யார் பார்த்தார்கள் என்று பேச்சு. பிறகு ஓட்டு. அதிக ஓட்டு வாங்கியவனைக் கலத்திலிருந்து வெளியே தள்ளிவிடுவார்கள். அவன் ஆகாயத்தில் சுழன்றுகொண்டே போவான். அவன் வேஷதாரியா இல்லையா என்று திரையில் ஒரு வரி எழுதிக் காட்டும். இறந்தவர்கள் ஆவிகளாகக் கலத்தில் உலவலாம். அவர்கள் எல்லாவற்றையும் பார்க்கலாம். உயிரோடிருப்பவர்களிடம் மட்டும் ஒரு வார்த்தை பேச முடியாது.

இந்தக் கடைசி விதிக்குப் பிறகு திரும்பி வருவேன்.

2

இதன் செல்வாக்குக்கு வழக்கமாகச் சொல்லப்படும் காரணங்கள் தெரிந்தவைதான். ஊரடங்கில் எல்லோரும் வீட்டுக்குள் முடங்கியிருந்தார்கள். கைபேசியில் இலவசம். கற்றுக்கொள்ள ஐந்து நிமிஷம் போதும். நம் நாட்டைப் பொறுத்தவரை இன்னொன்றும் சேர்த்துக்கொள்ளலாம்: 2020 செப்டம்பர் 2 அன்று மத்திய அரசு 'பப்ஜி'யைத் தடைசெய்தது; துப்பாக்கியோடு திரிந்துகொண்டிருந்த நம் பையன்களின் கை திடீரென்று காலியானது. இவையெல்லாம் உண்மை. ஆனால் இவை ஒரு பண்டம் எப்படிப் பரவியது என்று சொல்கின்றனவே தவிர, அதன் ருசி என்ன என்று சொல்லவில்லை. இலவசமாகக் கிடைத்த நூறு விளையாட்டுகள் அதே ஊரடங்கில் செத்துப் போயின.

ருசி பழையது. விருதுநகர்த் தெருக்களில் வளர்ந்த எவருக்கும் சீட்டுக் குலுக்கிப் போடுகிற 'ராஜா ராணி' ஆட்டம் தெரிந்திருக்கும். நோட்டுப் புத்தகத்தில் கிழித்த காகிதத் துண்டுகளில் ராஜா, ராணி, மந்திரி, போலீஸ், திருடன் என்று எழுதி, மடித்து, குலுக்கிப் போடுவோம். போலீஸ் சீட்டு வந்தவன் தன்னைச் சொல்லிக்கொண்டு, சுற்றியிருக்கும் முகங்களைப் பார்த்துத் திருடனைச் சொல்ல வேண்டும். சரியாகச் சொன்னால் அவனுக்குப் புள்ளி. தப்பினால் புள்ளி திருடனுக்கு. யாருக்கு எத்தனை புள்ளி என்பது தெருவுக்குத் தெரு மாறும். பிடிபட்ட திருடனுக்கு சைபர் என்பது மட்டும் மாறாது. 'குலை குலையா முந்திரிக்கா' இன்னும் பழையது. வட்டமாக உட்கார்ந்த பிள்ளைகளைச் சுற்றி ஒருத்தி ஓடுகிறாள். பாட்டு, சூறையாடியவன் எங்கே என்று விசாரித்து, இந்தக் கும்பலுக்குள்ளேயேதான் அவன் உட்கார்ந்திருக்கிறான் என்று பதிலும் சொல்லிவிடுகிறது. 'அமாங் அஸ்' என்ற தலைப்பை இதைவிடச் சரியாக யாரும் மொழிபெயர்த்துவிட முடியாது.

நவீன வடிவத்துக்கு ஒரு பிறந்த இடமும் வருஷமும் உண்டு. 1986-இல் மாஸ்கோ அரசுப் பல்கலைக்கழகத்தின் உளவியல் துறையில் இருந்த டிமித்ரி டேவிடாஃப் 'மாஃபியா' என்ற ஆட்டத்தை உண்டாக்கினார். 1997-இல் ஆண்ட்ரூ ப்ளாட்கின் என்ற அமெரிக்கர் மாஃபியாவை ஓநாய்மனிதனாக மாற்றினார். 'அமாங் அஸ்' இந்த வம்சத்தில் வந்தது. அதன் சூத்திரம் ஒன்றுதான்: விஷயம் தெரிந்த சிறுபான்மை, விஷயம் தெரியாத பெரும்பான்மை. சிறுபான்மைக்கு யார் யார் என்று தெரியும். பெரும்பான்மைக்கு ஒவ்வொருவனும் தன்னைப் பற்றி மட்டுமே அறிவான். கணித அறிஞர்கள் இந்த ஆட்டத்தை ஆராய்ந்து, மொத்தத் தொகையின் வர்க்கமூலத்தை ஒட்டிய அளவு ஆட்கள் இருந்தாலே சிறுபான்மை சமபலத்தோடு நிற்கும் என்று காட்டியிருக்கிறார்கள். கூட்டம் பெருகப் பெருக அதைக் கவிழ்க்கத் தேவைப்படும் ஆட்களின் விகிதம் குறைகிறது. எண்ணிக்கையின் பலத்தை அறிவின் பலம் இப்படித் தின்றுவிடும் என்பது ஜனநாயகத்தைப் பற்றி யோசிக்கிற எவருக்கும் தூக்கத்தைக் கெடுக்க வேண்டிய செய்தி. சோவியத் யூனியனின் கடைசி வருஷங்களில் மாணவர்கள் விடுதியில் உட்கார்ந்து இதை விளையாட்டாக ஆடினார்கள் என்பது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை.

ஆனால் சீட்டு ஆட்டத்துக்கும் பின்னால் வந்தவற்றுக்கும் ஒரு வித்தியாசம் இருக்கிறது. சீட்டில் திருடன் பேசவே வேண்டாம். முகத்தை அசையாமல் வைத்துக்கொண்டால் போதும். அடுத்த குலுக்கலில் அவனே ராஜா. திருட்டு என்பது குணமல்ல, கையில் வந்த சீட்டு என்பதைப் பத்து வயதுப் பிள்ளை ஒரு மத்தியானத்தில் கற்றுக்கொள்கிறது. 'அமாங் அஸ்' பேச்சின் விளையாட்டு. என் அக்கா மகன் அந்த வருஷம் பள்ளி நண்பர்களோடு ராத்திரி பகலாக இதை ஆடினான். ஒருமுறை பக்கத்தில் உட்கார்ந்து, நிரபராதி எப்படித் தப்பிப்பது என்று கேட்டேன். "எங்க இருந்தேன்னு கேட்டா ஒடனே சொல்லணும் மாமா. யோசிச்சா போச்சு" என்றான்.

யோசிச்சா போச்சு. நிரபராதம் என்பது ஒருவனுடைய நிலைமை இல்லை, அவன் நிகழ்த்திக் காட்ட வேண்டிய ஒரு வித்தை என்று ஆகிறபோது, யோசிக்கிறவன் சந்தேகத்துக்குரியவன் ஆகிறான். திக்குகிறவன், சொல்லத் தெரியாதவன், கூச்சப்படுகிறவன் எல்லோரும் ஆகாயத்தில் சுழலுகிறார்கள்.

3

சந்தேகப்படுவதில் சுகம் உண்டு. இதை ஒப்புக்கொள்ளாமல் மேலே போக முடியாது. சாதாரண வாழ்க்கையில் மரியாதை இதைத் தடுக்கிறது. எதிரில் நிற்கிறவனை நேருக்கு நேர் பார்த்து "நீ பொய் சொல்கிறாய்" என்று சொல்ல நமக்கு வருஷத்தில் எத்தனை சந்தர்ப்பம் கிடைக்கும்? விளையாட்டு அந்த அனுமதியைத் தருகிறது. பொய் சொல்லும் அனுமதியும் சேர்ந்தே கிடைக்கிறது. குற்றமற்ற நன்மை விளையுமானால் பொய்யும் வாய்மையின் வரிசையில் நிற்கும் என்று வள்ளுவர் ஒரு சலுகை கொடுத்தார். இங்கே எந்த நன்மையும் தேவையில்லை, பொய்க்காகவே பொய். பத்து நிமிஷம் கழித்து எல்லோரும் சிரித்துக்கொள்ளலாம்.

ஆனால் 2020-இல் சந்தேகத்துக்குப் பஞ்சமா இருந்தது? வங்கிகள் அத்தியாவசியச் சேவை என்பதால் ஊரடங்கிலும் நான் கௌண்ட்டரில் உட்கார்ந்திருந்தேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிற்கிறவரின் மூச்சை நான் சந்தேகித்தேன். நான் எண்ணிக் கொடுக்கிற நோட்டை அவர் சந்தேகித்தார். மார்ச் கடைசியில் தில்லியில் ஒரு மத மாநாட்டுக்குப் போய்வந்தவர்களை முன்னிட்டு ஒரு சமூகம் முழுவதும் சந்தேகத்துக்குள்ளானது. ஏப்ரலில் சென்னையில் நோய்க்குப் பலியான ஒரு மருத்துவரின் உடலைப் புதைக்கப் போனவர்களைக் கும்பல் அடித்து விரட்டியது. மே மாதம் கோயம்பேட்டிலிருந்து ஊர் திரும்பியவனை சொந்தத் தெருவே உள்ளே விடவில்லை. வீட்டு வாசலில் தகரம் அடித்தார்கள். இவ்வளவு சந்தேகத்தில் மூழ்கியிருந்தவர்கள், பொழுதுபோக்கவும் சந்தேகத்தையே ஏன் தேர்ந்தெடுத்தார்கள்?

எனக்குத் தோன்றுகிற பதில் இது. அந்த நோயில் வேஷதாரி கிடையாது. நோயைச் சுமந்து வந்தவனுக்கே அது தெரியாது. மகன் தாய்க்குக் கொடுத்தான், தாய் பேத்திக்குக் கொடுத்தாள். யாருக்கும் எந்த உத்தேசமும் இல்லை. உத்தேசமில்லாத தீங்கைத் தாங்கிக்கொள்வது மனிதனுக்கு மிகக் கடினம். தீங்குக்கு ஒரு முகம் இருக்கிறது என்றால், அது எவ்வளவு கொடூரமான முகமாயிருந்தாலும், ஒரு ஆசுவாசம் கிடைக்கிறது: அவனைக் கண்டுபிடித்துத் தள்ளிவிட்டால் கலம் பிழைத்துவிடும். 'அமாங் அஸ்' இந்த ஆசுவாசத்தை நிபந்தனையில்லாமல் கொடுத்தது. அதில் வேஷதாரி உண்டு என்பது விதி. எத்தனை பேர் என்பதும் முன்னாலேயே தெரியும். எல்லாவற்றுக்கும் மேலாக, முடிவில் விடை தெரிந்துவிடும். நாம் ஏங்கியது சந்தேகப்படுவதற்கு அல்ல. சந்தேகப்பட்டு, விடையும் கிடைப்பதற்கு. வாழ்க்கை முதலாவதைத் தாராளமாகக் கொடுத்து இரண்டாவதை மறுக்கிறது.

4

தமிழின் முதல் காப்பியம் இந்த ஆட்டத்தின் மீது கட்டப்பட்டிருக்கிறது என்று சொன்னால் புலவர்கள் கோபித்துக்கொள்வார்கள். ஆனால் கொலைக்களக் காதையை இன்னொரு தரம் எடுத்துப் பாருங்கள். அரசியின் சிலம்பைத் திருடிய பொற்கொல்லன்தான் முதலில் விரலை நீட்டுகிறான். ஊடலில் இருந்த அரசியைச் சமாதானப்படுத்தும் அவசரத்தில் இருந்த பாண்டியன், யோசிக்காமல் சொல்லிவிடுகிறான். காவலர்கள் கோவலனைப் பார்த்துத் தயங்குகிறார்கள். இவன் முகம் கள்வன் முகமாக இல்லையே என்கிறார்கள். அப்போது பொற்கொல்லன் ஒரு பிரசங்கம் செய்கிறான். கள்வர்கள் கையாளும் எட்டு வழிகளை, மந்திரம், தெய்வம், மருந்து, நிமித்தம் என்று அடுக்குகிறான். களவு நூலின் இலக்கணமே அவனுக்கு மனப்பாடம். இவ்வளவு தெரிந்தவனுக்கு எப்படித் தெரிந்தது என்று ஒருவரும் கேட்கவில்லை. ஒரு இளங்காவலன் தன் அனுபவம் ஒன்றைச் சொல்லிச் சந்தேகத்தை இன்னும் கொஞ்சம் ஊதிவிடுகிறான். கடைசியில் கள் குடித்த, கல்வியறிவில்லாத ஒருவன் வாளை வீசிவிடுகிறான். கோவலனை ஒரு வார்த்தை கேட்டவர் இல்லை. 'ஒதெல்லோ'வில் இயாகோவுக்கு ஒரு கைக்குட்டையாவது தேவைப்பட்டது. இங்கே சரளமான பேச்சே போதுமாக இருந்தது.

பொருளைக் காட்டி நிரூபிப்பது கண்ணகி ஒருத்திதான். சிலம்பை உடைத்ததும் முத்துக்குப் பதில் மாணிக்கம் சிதறுகிறது. திரையில் அந்த வரி தோன்றிவிட்டது: அவன் வேஷதாரி அல்ல. விளையாட்டில் இந்த வரி வந்த பிறகு என்ன நடக்கிறது? ஒன்றும் இல்லை. ஓட்டுப் போட்டவர்கள் அடுத்த வேலைக்குக் கலைந்து போகிறார்கள். காப்பியத்தில் அரசன் கள்வன் என்ற பட்டத்தைத் தன் தலையில் எடுத்துக்கொண்டு அங்கேயே விழுந்து இறக்கிறான். தவறாக ஓட்டுப் போட்டவனுக்கு என்ன தண்டனை என்ற கேள்வியை, எனக்குத் தெரிந்து, இளங்கோ அளவுக்கு நேராகச் சந்தித்தவர்கள் குறைவு.

ஆனால் கதை அங்கே நிற்கவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். கொற்கையில் இருந்த வெற்றிவேற் செழியன், கண்ணகியைச் சாந்தப்படுத்த ஒரே பகலில் ஆயிரம் பொற்கொல்லர்களைப் பலியிட்டான் என்று அதே நூல் சொல்கிறது. ஒருவன் வேஷதாரி, தண்டனை ஆயிரம் பேருக்கு, அதுவும் தொழிலைப் பார்த்து. கண்ணகிக்குக் கோயில் கட்டிய நாம் இந்த ஆயிரம் பேருக்காக ஒரு வரி வருத்தம் எழுதியதில்லை. அநியாயம் வெளிப்பட்ட பிறகும் சந்தேகத்தின் பசி அடங்குவதில்லை. அது நீதியின் உடையை மாட்டிக்கொண்டு மறுபடி புறப்படுகிறது.

5

இப்போது ஆவிகளின் விதிக்கு வருகிறேன்.

சிவகாசி, சாத்தூர், வெம்பக்கோட்டை வட்டாரத்தில் இருக்கிறவர்களுக்கு ஒரு வாக்கியம் மனப்பாடம். "மருந்து கலக்கும்போது உராய்வு ஏற்பட்டு வெடி விபத்து நிகழ்ந்ததாக முதற்கட்ட விசாரணையில் தெரியவந்துள்ளது." இடமும் எண்ணிக்கையும் மாறும், வாக்கியம் மாறாது. 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டியில் 35-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அவர்களில் பலர் அந்த ஆலையின் தொழிலாளர்கள் அல்ல, புகையைப் பார்த்து ஓடிப் போனவர்கள். 2021 பிப்ரவரி 12 அன்று அச்சங்குளத்தில் 20-க்கும் மேற்பட்டோர். இடையிலும் பிறகும் இரண்டு பேர், ஐந்து பேர், எட்டுப் பேர் என்று நடந்தவற்றை மாவட்டத்துக்கு வெளியே யாரும் எண்ணுவதில்லை.

உராய்வு எப்படி வந்தது? பீஸ் ரேட்டில் வேலை, ஆகவே வேகம். தீபாவளிக்கு முன்னால் இன்னும் வேகம். அனுமதித்ததைவிட அதிகம் ஆட்கள் ஒரு அறையில். உரிமம் ஒருவர் பெயரில், அறைகள் உள்குத்தகையாக வேறு வேறு கைகளில். அறைக்குள் செய்ய வேண்டிய வேலை மரத்தடியில். கலந்த மருந்து மிச்சப்பட்டால் மறுநாளுக்குத் தங்கக்கூடாது, தங்குகிறது. வெயில். விசாரணைகள் திரும்பத் திரும்பச் சொல்கிற சங்கதிகள் இவை. இவற்றில் ஒவ்வொன்றும் ஒரு கண்ணி. இவற்றை வரிசையாக வைத்துப் பார்த்தால் வேஷதாரி என்று ஒருவனைத் தனியே பிரித்தெடுக்க முடியாது. எல்லோரும் கொஞ்சம் கொஞ்சம் வேஷதாரிகள், குறைந்த விலைக்குப் பேரம் பேசி ஒரு பெட்டி வாங்கிப் போகிறவன் உட்பட. ஆனால் ஓட்டு ஒருவனுக்குத்தான் போட முடியும். பெரும்பாலும் அது யாருக்கு விழுகிறது என்று நான் கௌண்ட்டரிலிருந்து பார்த்திருக்கிறேன்.

நிவாரணப் பணத்துக்காகக் கணக்குத் தொடங்க வருகிற பெண்களின் விண்ணப்பங்களை நிரப்பிக் கொடுப்பது என் வேலையில் சேர்த்தி. இறப்புச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ், இரண்டு போட்டோ. அப்படி வந்த ஒரு பெண், நான் எதுவும் கேட்காமலே சொன்னாள்: "இவரு கைலதான் பட்டுச்சுங்காக சார். மருந்தத் தட்டுனது இவருதானாம். பாத்தவுக யாரு இருக்கா?"

பார்த்தவர்கள் யாரும் இல்லை. அந்த அறையில் இருந்த எல்லோரும் இறந்துபோனார்கள். எல்லாம் தெரிந்தவர்கள் அவர்கள்தான். உயிரோடிருப்பவர்களிடம் ஒரு வார்த்தை சொல்ல அவர்களால் முடியாது. உயிரோடிருப்பவர்கள் கூட்டம் கூடிப் பேசி, பேச முடியாதவனுக்கு ஓட்டுப் போட்டார்கள். அவன் மறுக்க மாட்டான் அல்லவா? கவனக்குறைவு என்ற சொல்லில் கணக்கு முடிந்துவிட்டது. விளையாட்டில்கூட இறந்தவனைக் குற்றவாளியாக்க விதியில் இடமில்லை.

இதன் மறுபக்கத்தையும் இந்த வட்டாரம் அனுபவித்திருக்கிறது. 2018 அக்டோபர் 23 அன்று உச்ச நீதிமன்றம் பேரியம் உப்பையும் சரவெடியையும் தடைசெய்தபோது, தில்லியின் குளிர்காலக் காற்றுக்கு எங்களைக் குற்றவாளியாக்கிவிட்டார்கள் என்று சிவகாசி குமுறியது. வயல் தாளை எரிக்கும் புகை, வாகனம், தூசி, அனல் மின்நிலையம் என்று பல கைகள் சேர்ந்து கெடுத்த காற்று அது. பட்டாசுக்கு அதில் பங்கில்லை என்று சொன்னால் பொய். பட்டாசை வெளியே தள்ளிவிட்டால் கலம் பிழைத்துவிடும் என்று சொன்னாலும் பொய். அரைக் குற்றவாளி, கால் குற்றவாளி என்று விளையாட்டில் கிடையாது. வாழ்க்கையில் மற்றவர்களே கிடையாது.

6

அப்படியானால் சந்தேகத்தை விட்டுவிட வேண்டியதுதானா? அப்படிச் சொல்ல நான் சன்னியாசி அல்ல, வங்கி குமாஸ்தா. என் தொழிலே சந்தேகம்தான். ஆனால் அது வேறு ஜாதிச் சந்தேகம். எங்கள் பணப்பெட்டக அறைக்கு இரண்டு சாவிகள், இரண்டு பேர் கையில். ஒருவர் தனியாகத் திறக்க முடியாது. ஒருவர் பதிந்ததை இன்னொருவர் சரிபார்க்காமல் பெரிய தொகை நகராது. எங்களில் யார் திருடன் என்று இந்த ஏற்பாடு கேட்பதே இல்லை. யாராக வேண்டுமானாலும் இருக்கலாம், என்றைக்காவது ஒருநாள் நானாகவும் இருக்கலாம் என்று எடுத்துக்கொண்டு, அந்த நாளுக்காக இரண்டாவது சாவியை வைத்திருக்கிறது. இதில் அவமானம் யாருக்கும் இல்லை. இருபது வருஷம் சேர்ந்து வேலை செய்தவர்கள் ஒருவரையொருவர் சந்தேகிக்காமல் டீ குடிக்க முடிவது இந்த இரண்டாவது சாவியால்தான்.

வெடிமருந்துச் சட்டத்தின் விதிகளும் இதே புத்தியிலிருந்து வந்தவை. அறைக்கும் அறைக்கும் இத்தனை தூரம். ஒரு அறையில் இத்தனை பேர்தான். கலவை இவ்வளவுதான் இருப்பில். யார் கவனக்குறைவானவன் என்று இந்த விதிகள் கேட்கவில்லை. ஒரு கை ஒருநாள் தவறும், அது எந்தக் கை என்று தெரியாது, ஆகவே தவறும்போது சாவு அந்த ஒரு அறையைத் தாண்டக்கூடாது என்று அளந்து வைக்கின்றன. மனிதனைப் பற்றி இதைவிடக் கருணையான அபிப்பிராயத்தை நான் தத்துவ நூல்களில் அதிகம் பார்த்ததில்லை. 'யார்?' என்பது ஒரு அறவியல். 'எத்தனை அடி தூரம்?' என்பது இன்னொரு அறவியல். முதலாவதில் கதை இருக்கிறது, முகம் இருக்கிறது, கைதட்டல் இருக்கிறது. இரண்டாவது சலிப்பூட்டுவது. அதை யாரும் விளையாட்டாக ஆடமாட்டார்கள். 50 கோடிப் பேர் வரமாட்டார்கள். விபத்துக்குப் பிறகு கைது செய்தி முதல் பக்கத்தில் வருகிறது. அறைகளுக்கு நடுவே தூரத்தை அளந்துவிட்டு வந்த அதிகாரியைப் பற்றி எந்தப் பக்கத்திலும் வராது.

விளையாட்டைக் குறை சொல்வது என் நோக்கமல்ல. தள்ளப்பட்டவன் அடுத்த ஆட்டத்தில் திரும்பி வருகிறான் என்பதாலேயே அந்தச் சுகம் நிரபராதமானது. பிள்ளைகள் ஆடட்டும். தவறாகத் தள்ளிவிட்டோம் என்ற வரியைத் திரையில் பத்துத் தடவை படித்த பிள்ளைக்கு, உரத்துப் பேசியவன் சொன்னது எல்லாம் உண்மையில்லை என்றாவது தங்கும். அந்த ஒரு வரி எழுதப்படாத இடத்தில் பெரியவர்கள் அதே ஆட்டத்தை ஆடுகிறபோதுதான் ஆபத்து.

எழுதுகிறவர்களான நமக்கு இதில் ஒரு பங்கு இருக்கிறது. நம் சிறு வட்டத்திலும் கூட்டம் கூடுகிறது. யார் போலி, யார் விலைபோனவன், யார் அந்நிய விதையைத் தூவ வந்தவன் என்று ஒவ்வொரு தலைமுறையிலும் ஓட்டுப் போட்டுத் தள்ளியிருக்கிறோம். தள்ளப்பட்டவனின் கவிதையில் நாலு வரி உயிரோடு இருந்ததா என்று பார்ப்பதற்குள் அடுத்த கூட்டத்துக்கு மணி அடித்துவிடும். விமர்சனம் ஆளைப் பிடிக்கிற வேலை என்று ஆனபோதெல்லாம் நம் பத்திரிகைகள் சுவாரஸ்யமாக இருந்தன. சந்தாவும் கொஞ்சம் கூடியிருக்கும். படைப்பை எடுத்து வைத்து வரி வரியாகச் சரிபார்ப்பது இரண்டாவது சாவி மாதிரி, மெதுவான வேலை, பார்க்கிறவர்களுக்கு அலுப்பு.

சரியான ஆளைத் தள்ளினோமா என்று வெகு காலம் கழித்தாவது யாரோ ஒருவர் சிலம்பை உடைத்துக் காட்டுவார். அப்போது சிம்மாசனத்திலிருந்து விழ நம்மில் யாருக்கும் சிம்மாசனம் கிடையாது. நம்மிடம் இருப்பது ஆளுக்கு ஒரு ஓட்டு. அதைப் போட்ட கை தன்னுடையது என்று ஒப்புக்கொள்கிற அளவுக்காவது பாண்டியன் நமக்கு உதவக்கூடும்.